எண்ணிக்கொண்டே இரு

வரவேற்பு மேசையில் இருந்த பெண் நீட்டிய அட்டையில் 'விருந்தினர்' என்று இருந்தது. எர்சீலியா அதைக் கையில் வாங்கவில்லை. "தப்பான அட்டைய எடுத்துட்டே போல இருக்கு. நல்லாப் பாரும்மா," என்றாள். அந்தப் பெண் பட்டியலில் விரலை ஓட்டினாள். "லியா டோர்னிதானே மேடம்? நடிகை? விருந்தினர்னுதான் போட்டிருக்கு." லியா டோர்னி என்பது சினிமாக்காரர்கள் அவளுக்கு வைத்த பெயர். "குரல்னு ஒரு அட்டை இருக்குமே, அதுல என் பேர் இல்லையா?" என்று எர்சீலியா கேட்டாள். குரல் என்ற தலைப்பின் கீழ் ஒரே ஒரு பெயர்தான் இருந்தது. காகிதம் தலைகீழாக இருந்தும் எர்சீலியாவால் அதைப் படிக்க முடிந்தது. நோர்மா கலேயாட்ஸி. நாற்பத்திரண்டு வருஷமாக அந்தப் பெயரைப் பார்த்தாலே அவளுக்கு எரிச்சல் கிளம்பும். இப்போதும் கிளம்பியது.

மூன்று வாரமாக அவள் சிகரெட்டைத் தொடவில்லை. நாற்பத்தைந்து வருஷப் பழக்கத்தை அறுபத்தைந்தாம் வயதில் ஒரே நாளில் விட்டாள். காலையும் மாலையும் வெந்நீரில் தேன் கலந்து குடித்தாள். குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு வசனத்தைச் சொல்லிச் சொல்லிப் பார்த்தாள்; பக்கத்து வீட்டுக்காரர் சுவரைத் தட்டி, "என்னம்மா, யாரையோ தினமும் மன்னிச்சுக்கிட்டே இருக்கீங்க?" என்று கேட்டார். எல்லாம் அந்தக் கடிதத்தால் வந்த வினை. மறைந்த மாபெரும் இயக்குநர் அத்தீலியோ மெரீகிக்கு நூற்றாண்டு. 1964இல் வந்த 'களத்துமேட்டு விதவை' படத்தின் மன்னிப்புக் காட்சி, தயாரிப்பாளர் அன்றைக்கு வெட்டி எறிந்த மூன்று நிமிடத்தோடு சேர்த்து, முழுதாக ஒரு மடாலயத்து நிலவறையில் கிடைத்திருக்கிறது. படம் மட்டும்தான், ஒலி இல்லை. புதிதாகக் குரல் பதிய வேண்டும். 'தங்கள் பங்களிப்பு இல்லாமல் இக்காட்சி முழுமை பெறாது' என்று அவர் பெயரில் நடக்கிற அறக்கட்டளைக்காரர்கள் எழுதியிருந்தார்கள். இப்படி எழுதினால் யார்தான் என்ன நினைப்பார்கள்? வாயைத் திறந்து பேசத்தான் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்தாள். கிழவிக்கு எத்தனை ஆசை பாருங்கள்!

அந்தக் காலத்தில் ரோம் சினிமாவில், படப்பிடிப்பின்போது ஒலியைப் பதிகிற வழக்கமே கிடையாது. ஜெனரேட்டர் அலறும், பக்கத்து செட்டில் தச்சன் ஆணி அடிப்பான், காட்சி ஓடும்போதே இயக்குநர் ஒலிபெருக்கியில் திட்டுவார். நடிகர் வாயை அசைத்தால் போதும். பிறகு ரோமில் ஓர் இருட்டறையில் வேறு யாரோ அந்த வாய்க்குப் பேச்சைப் பொருத்துவார்கள். வசனம் எழுதி முடியாத நாட்களில் எண்களைச் சொல்லச் சொல்வார்கள். சோகம் என்றால் மெதுவாக எண்ண வேண்டும், சண்டை என்றால் வேகமாக எண்ண வேண்டும். எர்சீலியா ஒரு கதாநாயகனின் மார்பில் சாய்ந்துகொண்டு "நாற்பத்தேழு, நாற்பத்தெட்டு" என்று கண்ணீர் விட்டிருக்கிறாள். அவன் "அறுபத்திரண்டு" என்று சொல்லி முத்தமிட்டிருக்கிறான். திரையரங்கில் ஜனங்கள் கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

மற்ற நடிகைகளில் சிலர் பின்னால் தங்கள் குரலைத் தாங்களே பதிந்தார்கள். இவளுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. தெற்குக் கோடியில் இருக்கிற கலாப்ரியா மலையில் கரி சுடுகிறவரின் மகள். குரல் தடிப்பு, பேச்சில் அந்த மலையின் கரடுமுரடு அத்தனையும் இருக்கும். "உன் மூஞ்சியில தேவதை இருக்கா, தொண்டையில கழுதை இருக்கு" என்று மெரீகி எல்லார் முன்னாலும் சொல்லிச் சிரித்தார். அது ஊரெல்லாம் பரவியது. நாற்பத்தோரு படம் நடித்தாள். நாற்பத்தொன்றிலும் நோர்மாவின் குரல்தான். வெண்ணெய்போல வழுக்குகிற, சுத்தமான ரோம் குரல். சிறந்த நடிகை விருது கொடுத்த அன்றைக்குத் தயாரிப்பாளர் அவள் கழுத்தில் ஒரு பட்டுத் துணியைச் சுற்றிவிட்டு, "தொண்டை கட்டியிருக்குன்னு ஜாடை காட்டு, சிரி, வாயத் தொறந்தா தொலைச்சுடுவேன்" என்றார். கையில் விருதும் கழுத்தில் துணியுமாக ஊமைபோல நின்ற அந்தப் புகைப்படம் இன்றைக்கும் புத்தகங்களில் வருகிறது. அடக்கத்தின் அழகு என்று அதன் கீழே எழுதியிருக்கிறார்கள், கண் அவிந்தவர்கள்.

சந்தையில் மீன்காரர் அவளைத் தன் மனைவிக்குக் காட்டி, "யாரு வந்திருக்காங்க பாரு!" என்று குதிப்பார். அவள் "அரைக் கிலோ நெத்திலி குடுங்க" என்றதும் அந்த அம்மாளின் முகம் தொங்கிப்போகும். "அவங்க மாதிரியே இருக்காங்க, ஆனா அவங்க இல்ல" என்று ஒருத்தி காதுபடச் சொன்னதும் உண்டு. பல் டாக்டரான அவள் கணவன் கல்யாணமான புதிதில் விளக்கை அணைத்துவிட்டு, "அந்தப் படத்துல பேசினாப்பல ஒரு தடவை பேசேன்" என்று கேட்டான். எட்டு மாதத்தில் அவனை விட்டுத் தொலைத்தாள். ஆனால் நோர்மாவை விட முடியவில்லை. முகத்தைத் தந்தவள் இவள், ஜனங்கள் நெஞ்சில் போய் உட்கார்ந்தவள் அவள். அது போதாதென்று ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் அவளிடமிருந்து ஒரு பொட்டலம் வேறு வரும். உலர்ந்த அத்திப்பழத்தைப் பிளந்து, சிலுவைபோல ஒன்றின்மேல் ஒன்று வைத்து, நடுவில் வால்நட் பருப்பை அடைத்து அடுப்பில் சுட்ட பண்டம். எர்சீலியாவின் ஊர்ப் பக்கத்தில் வீட்டுக்கு வீடு செய்வார்கள். ரோமில் கடையில் கிடைக்காது. நீ எந்தக் காட்டிலிருந்து வந்தவள் என்று எனக்குத் தெரியும் என்று குத்திக்காட்டத்தான் எங்கெங்கோ தேடி வாங்கி அனுப்புகிறாள். என்ன கொழுப்பு! முதல் வருஷம் பிரித்துப் பார்த்ததோடு சரி, பிறகு பொட்டலத்தைப் பிரிக்காமலே எர்சீலியா வாசல்காரனிடம் கொடுத்துவிடுவாள்.

"வாங்கம்மா வாங்க, எங்க மகாராணி!" என்று இரண்டு கையையும் விரித்துக்கொண்டு கொர்ராதோ வந்தார். அறக்கட்டளையின் தலைவர். நாற்பது வயது, நல்ல கோட்டு, யாரையும் புண்படுத்தாத சிரிப்பு. இந்த மாதிரி ஆட்களைப் பார்த்தால் எர்சீலியாவுக்குப் பிடரி விறைக்கும்.

"என்னை எதுக்குய்யா கூப்பிட்டீங்க?" என்று நேராகக் கேட்டாள்.

"என்னம்மா இப்படிக் கேட்டுட்டீங்க! நீங்க இல்லாம மன்னிப்புக் காட்சியா? நோர்மாம்மா பேசறப்ப நீங்க பக்கத்துல உக்காந்திருங்க. முடிஞ்சதும் ரெண்டு பேரும் கட்டிப்பிடிச்சு ஒரு போட்டோ. முகமும் குரலும் முதல் தடவையா சந்திக்குது. பத்திரிகைக்காரங்க உயிரை விட்டுடுவாங்க."

"அவளுக்கு எழுபத்தொம்பது வயசு."

"கம்ப்யூட்டர்ல நாற்பது வயசு குறைச்சிடலாம்மா. இப்பல்லாம் அது ஒரு வேலையே இல்ல."

"அப்ப எனக்குக் குறைக்கறதுதானே? எனக்கு அறுபத்தஞ்சுதான். உங்க கம்ப்யூட்டருக்கும் வேலை மிச்சம்."

கொர்ராதோ தலையைச் சாய்த்துச் சிரித்தார். "வயசு ஒரு பிரச்சினையே இல்ல. உங்க பேச்சுல அந்த... ஊர் வாடை இருக்கு பாருங்க. எனக்குத் தனிப்பட்ட முறையில ரொம்பப் பிடிக்கும். ஆனா ஜனங்க மனசுல ஒரு குரல் பதிஞ்சுபோச்சே, என்ன பண்றது?"

திரும்பிப் போயிருக்கலாம். எதிர்ப்புறத்திலேயே டிராம் நிற்கும் இடம். ஆனால் நாற்பத்திரண்டு வருஷம் தன் வாயில் குடியிருந்தவளை ஒரு தடவை நேருக்கு நேர் நிறுத்தி நாலு வார்த்தை கேட்காமல் போனால் செத்தாலும் நெஞ்சு வேகாது என்று தோன்றியது. 'விருந்தினர்' அட்டையை வாங்கிக் கைப்பைக்குள் போட்டுக்கொண்டு உள்ளே நடந்தாள்.

ஒலிப்பதிவு அறை சின்னதாக, குளிர்ச்சியாக இருந்தது. ஒரு பக்கம் வெள்ளைத் திரை, நடுவில் மைக்கும் காகிதம் வைக்கிற தாங்கியும், அதன் மேல் சின்ன விளக்கும். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஈவோ உட்கார்ந்திருந்தான். நரைத்த மீசை வைத்த ஒலிப்பதிவாளன். இந்த இடத்திலேயே முப்பது வருஷம் உட்கார்ந்து பேச்சுக் குறைந்துபோனவன். நடைபாதைக் கதவில் ஒரு வட்டக் கண்ணாடி இருந்தது, அதற்கு மேலே ஒரு சிவப்பு விளக்கு. "அது எரியறப்ப யாரும் கதவத் தொடக் கூடாது. போப்பாண்டவரே வந்தாலும் வெளியதான் நிக்கணும்," என்று ஈவோ சொன்னான். "நானுமா?" என்று கொர்ராதோ கேட்டார். "நீங்க போப்பாண்டவரா சார்?" என்றான் ஈவோ. கொர்ராதோ சிரித்து வைத்து, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஈவோவின் அருகில் போய் உட்கார்ந்தார்.

நோர்மா ஏற்கெனவே வந்து ஒரு நாற்காலியில் இருந்தாள். எர்சீலியா மனதில் வைத்துத் திட்டிக்கொண்டிருந்தது உயரமான, முத்துமாலை போட்ட ஒரு ரோம் சீமாட்டியை. இங்கே இருந்தது கைத்தடி வைத்த ஒரு குட்டைக் கிழவி. கம்பளிச் சட்டையில் ஒரு பித்தான் இல்லை, கால் வீங்கி, செருப்பின் வார் பிதுங்கியிருந்தது. எழுந்து இரண்டு கையையும் நீட்டினாள். எர்சீலியா கைப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"ஒருவழியா நேர்ல பாத்தாச்சு," என்றாள் நோர்மா. அந்தக் குரல்! கொஞ்சம் தேய்ந்திருந்தது, மற்றபடி அதேதான். தன் சாவிக்கொத்தை வேறு ஒருத்தி இடுப்பில் பார்த்ததுபோல எர்சீலியாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "அத்திப்பழம் வந்து சேருதா?" என்று நோர்மா கேட்டாள்.

"வாசல்காரன் தின்னான். இருபது வருஷமா அவன்தான் தின்னுக்கிட்டிருக்கான். இப்ப அவனுக்குப் பல்லும் போச்சு."

"நல்லா இருந்துதாமா?"

நாலு வார்த்தை கேட்டுவிட எர்சீலியா வாயைத் திறந்தாள். அதற்குள் விளக்கு மங்கியது, திரையில் படம் ஓடத் தொடங்கியது.

இருபத்துமூன்று வயது எர்சீலியா களத்துமேட்டில் நின்றாள். கறுப்புச் சேலை போர்த்தியதுபோல் தலையிலிருந்து தோள்வரை சால்வை, அது காற்றில் பறந்தது; பின்னால் வைக்கோல் பறந்தது; அவளுக்குப் பின்னால் ஒரு பெரிய கறுத்த மேகம். எதிரே நிற்கிறவன் கதைப்படி அவள் கணவனைக் கொன்றவன், அவன் முதுகு மட்டும் தெரியும். அவள் வாய் அசைந்தது, சத்தமே இல்லை. திரையரங்கில் வந்தது முகம் மட்டும் தெரிகிற ஒரு நிமிடம்தான். 'உன் கையில் இருந்த இரத்தத்தை நான் கழுவிவிட்டேன். போ மகனே. உன் தாய் விளக்கேற்றி வைத்துக் காத்திருப்பாள்.' அந்த வசனத்தைக் கன்னியாஸ்திரீகள் அட்டையில் அச்சடித்துக் கொடுத்தார்கள், பாதிரியார்கள் பிரசங்கத்தில் சொன்னார்கள், அரசியல்வாதிகள் கட்சி மாறும்போது சொன்னார்கள். இந்த முழுக் காட்சியில் இடுப்புவரை தெரிந்தது. வலது கை முட்டியாக மூடியிருந்தது, அதிலிருந்து ஒரு காகித நுனி நீட்டிக்கொண்டிருந்தது.

"கையில ஏதோ கைக்குட்டை வச்சிருக்காங்க. அழகான நுணுக்கம்!" என்று கொர்ராதோவின் குரல் ஒலிபெருக்கியில் வந்தது.

கைக்குட்டையாம். அது தந்தி. அந்தத் தந்தி இப்போதும் எர்சீலியாவின் கைப்பைக்குள் நான்காக மடிந்து கிடக்கிறது.

அன்றைக்கு அக்டோபர் பதினொன்று. காற்று வீசுவதற்காக விமானத்து விசிறியைக் கழற்றிக் கொண்டுவந்து வைத்து ஓட்டினார்கள். அது போட்ட சத்தத்தில் பக்கத்தில் நிற்பவன் காதில் கத்தினாலும் கேட்காது. இரண்டு நாளாக மேகத்துக்காகக் காத்திருந்தார்கள். மேகம் வந்தது. மெரீகி கேமராவை ஓடவிடச் சொல்லிவிட்டு நேராக அவளிடம் வந்தார். சட்டைப் பையிலிருந்து தந்தியை எடுத்து அவள் கையில் வைத்து, கன்னத்தைத் தட்டிவிட்டு, கேமராவுக்குப் பின்னால் போய் நின்றார். 'அம்மா காலமானார். நாளை அடக்கம். உடனே வா.' அதன் தலையில் அஞ்சலகத்து முத்திரை அடித்திருந்தது. ஒன்பதாம் தேதி. அம்மாவைப் பத்தாம் தேதியே மண்ணுக்குள் வைத்துவிட்டிருப்பார்கள். அவள் தலையைத் தூக்கிப் பார்த்தபோது மெரீகி ஒலிபெருக்கியை வாயில் வைத்துக் கத்திக்கொண்டிருந்தார். "எண்ணு! எண்ணிக்கொண்டே இரு! மெதுவா!"

அவள் எண்ணவில்லை. நான்கு நிமிடம் அவரைப் பார்த்து, தன் அம்மா பேசிய மொழியில், வாயில் வந்ததையெல்லாம் பேசினாள். விசிறியின் சத்தத்தில் ஒருவனுக்கும் கேட்கவில்லை. எல்லாரும் கைதட்டினார்கள். மெரீகி பின்னால் எழுதிய சுயசரிதையில் அதை எப்படி எழுதினார் தெரியுமா? காட்சி ஓடிக்கொண்டிருந்த அந்தக் கணத்தில் தந்தி வந்ததாம், மகா கலைஞி நடிப்பை நிறுத்தவில்லையாம். எர்சீலியா ஒரு பத்திரிகைக்காரனிடம் தேதியைச் சொன்னாள். "இருக்கட்டும்மா, ஆனா என்ன ஒரு காட்சி!" என்றான் அவன். பல் டாக்டரும் இதையேதான் சொன்னான். அதற்குப் பிறகு அவள் யாரிடமும் சொல்லவில்லை. தான் பேசியது அந்த விசிறிக் காற்றோடு போயிற்று, கேட்க வேண்டியவன் கேட்காமலே செத்தான் என்ற எண்ணம் மட்டும் நெஞ்சில் முள்ளாகத் தங்கிவிட்டது.

நோர்மா கைத்தடியை நாற்காலியில் சாய்த்துவிட்டு மைக் முன்னால் போய் நின்றாள். படம் முதலிலிருந்து ஓடியது. "உன் கையில் இருந்த..." என்று தொடங்கினாள், நிறுத்தினாள். ஈவோ மறுபடி ஓட்டினான். "உன் கையில்..." மறுபடி நிறுத்தினாள். மூன்றாவது தடவை வாயையே திறக்கவில்லை.

"தண்ணி ஏதாவது வேணுமா அம்மா?" என்றார் கொர்ராதோ.

"வேணாம். வசனம் உதட்டோட ஒட்டல."

"அன்னைக்கு ஒட்டினதே?"

"அன்னைக்கு ஒட்ட வச்சேன். ரெண்டு நாள் ஆச்சு அதுக்கு. இந்த வயசுல இன்னொரு தடவை அந்தப் பொய்யச் சொல்ல எனக்குத் தெம்பு இல்ல." நோர்மா தலையில் மாட்டியிருந்த ஹெட்போனைக் கழற்றி வைத்தாள். எர்சீலியாவின் பக்கம் திரும்பினாள். பிறகு அவள் வாயிலிருந்து வந்தது ரோம் பேச்சே அல்ல. "ரெண்டு நாளு எங்காத்தாள ஒன் சட்டப்பையில வச்சுக்கிட்டுத் திரிஞ்சியேடா, பாவி. மேகம் வரட்டும்னு காத்துக் கெடந்தியே. அவ மேல ஒரு கைப்பிடி மண்ணு போட எனக்குக் குடுத்து வைக்கலியேடா."

அது எர்சீலியாவின் மலைப் பேச்சு, அன்றைக்குக் களத்துமேட்டில் அவள் பேசிய அதே வார்த்தைகள். இந்த வார்த்தைகளை இந்த உலகத்தில் கேட்டவர்கள் யாரும் இல்லை. அவளே அன்றைக்குப் பிறகு வாய்விட்டுச் சொன்னதில்லை.

"நீ எந்த ஊரு?" என்றாள். மரியாதையெல்லாம் எங்கோ போயிருந்தது.

"ஒங்க மலைக்கு எதிர்மலை. ஒங்க ஊருக் கோயில் மணி அடிச்சா எங்க வீட்டுக்குக் கேக்கும். பதினாலு வயசுல இங்க வந்தேன். நாக்கக் கழுவிக் கழுவித்தான் உள்ள விட்டாங்க. எங்க ஊரு பேச்ச வெளிய விட்டிருந்தா ஒன்னய மாதிரி என்னயும் ஊமையாக்கியிருப்பானுங்க. அந்த அத்திப்பழம் நானே சுட்டது. நான் யாருன்னு அதப் பாத்தாவது ஒனக்குப் புரியும்னு நெனச்சேன்."

"ஒரு கடுதாசி எழுதத் தெரியாதா? பழத்த அனுப்பினா நான் என்ன ஜோசியமா பாப்பேன்?"

"எழுதத் தைரியம் இல்ல."

"தைரியம் இல்ல," என்று எர்சீலியா திருப்பிச் சொன்னாள். குரல் உயர்ந்தது. "வாயப் பாத்தே நான் என்ன பேசினேன்னு தெரிஞ்சுக்கிட்ட. என் பாஷை வேற ஒனக்குத் தெரியும். எங்காத்தாவுக்காக நான் அழுதத நீ ரெண்டு நாளு உக்காந்து பாத்திருக்க. பாத்துட்டு, அதும்மேல அந்த மன்னிப்ப எடுத்து அப்பினியா?"

"அப்பினேன்." நோர்மா தரையைப் பார்க்கவில்லை, நேராகத்தான் பார்த்தாள். "மொதல்ல மெரீகிகிட்டப் போயிச் சொன்னேன். ஐயா, இந்தப் புள்ள வாயில இருக்கறது வேற, இது ஒங்களத் திட்டுதுன்னு. வரிக்கு வரி சொன்னேன். கேட்டுட்டுச் சிரிச்சாரு. நல்லதாப் போச்சு, ஆத்திரம் அசலா இருக்கு, நீ மேல மன்னிப்பத் தடவுன்னாரு. முடியாதுன்னு எந்திரிச்சு வந்திருக்கணும். ரெண்டு புள்ளைங்க, புருசன் கெடையாது. தடவினேன்."

"அவனுக்குத் தெரியுமா?"

"சாவற வரைக்கும் தெரியும்."

எர்சீலியா நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டாள். தெரியும். விருது வாங்கிய அன்றைக்கு நெற்றியில் முத்தமிட்டானே, அப்போது தெரியும். சுயசரிதையில் மகா கலைஞி என்று எழுதினானே, அப்போதும் தெரியும். அவள் சபித்தது ஒன்றும் காற்றோடு போகவில்லை. நேராக அவன் காதுக்குப் போயிருக்கிறது, அவன் கேட்டுவிட்டுச் சிரித்திருக்கிறான். இன்றைக்கு அவன் பெயரில் ஒரு தெரு இருக்கிறது, அதில் இருக்கிற மருந்துக்கடையில்தான் அவள் ரத்த அழுத்தத்துக்கு மாத்திரை வாங்குகிறாள். இவள் என்னடாவென்றால் மூன்று வாரம் சிகரெட்டை விட்டு, தேன் குடித்து, குளியலறையில் நின்று அந்த நாய்க்கு மன்னிப்பு வழங்கிக்கொண்டிருந்திருக்கிறாள்! தன் குரலில் வந்தால் போதும், எந்த வார்த்தையானாலும் சரி என்று அலைந்திருக்கிறாள். அவமானத்தில் காது சுட்டது.

"ஒன்னய நான் மன்னிப்பேன்னு நெனைக்காத," என்றாள் நோர்மாவிடம்.

"கேக்கல. அந்த வார்த்தைய நான் நெறையப் பேசிட்டேன், அதுல ஒண்ணும் இல்ல."

"என்னம்மா நடக்குது அங்க?" என்று ஒலிபெருக்கியில் கொர்ராதோ. "என்ன பாஷையில பேசிக்கறீங்க? ஏதாவது சின்ன மனஸ்தாபமா? ஒரு காப்பி சாப்பிட்டுட்டு வரலாமா?"

எர்சீலியா மைக் முன்னால் போய் நின்றாள். தாங்கியில் இருந்த வசனக் காகிதத்தின் மேல் கைப்பையிலிருந்து எடுத்த தந்தியை விரித்து வைத்தாள். மடிப்புகளில் கிழிந்து, பழுத்துப்போன காகிதம். தேதி மட்டும் நன்றாகத் தெரிந்தது.

"ஈவோ, படத்த மொதல்லேருந்து போடுய்யா," என்றாள்.

"மேடம், ஒரு நிமிஷம்! நீங்க ஆசைப்பட்டா தாராளமா பேசிப் பாக்கலாம். ஆனா காகிதத்துல இருக்கறத மட்டும்தான்!"

"காகிதத்துல இருக்கறதத்தான் பேசப்போறேன்."

"எந்தக் காகிதம்? மேடம்! இது தேசத்தோட சொத்து, எல்லாருக்கும் மனப்பாடமா தெரிஞ்ச வசனம்! ஈவோ, எதையும் ஓட்டாத, நான் உள்ள போறேன்." ஒலிபெருக்கி அடங்கியது. கண்ணாடிக்கு அப்பால் கொர்ராதோ எழுந்து நடைபாதைப் பக்கம் ஓடுவது தெரிந்தது. ஈவோ இரண்டு கிழவிகளையும் பார்த்தான். மீசையைத் தடவினான். கையை நீட்டி எதையோ அழுத்தினான். கதவின் மேல் சிவப்பு விளக்கு எரிந்தது.

நோர்மா நகர்ந்து வந்து எர்சீலியாவின் பின்னால் நின்றாள். "படத்தப் பாரு. எப்ப ஆரம்பிக்கணும்னு நான் தோளத் தொடறேன்."

"என் வாயி எப்பத் தொறக்கும்னு எனக்குத் தெரியாதாக்கும்?"

"தெரியாது. நீ ஒரு தடவ பேசினே, அவ்வளவுதான். நான் ரெண்டு நாளு பாத்தேன்."

தோளில் அந்தக் கை வந்து உட்கார்ந்தது. எர்சீலியா அதைத் தட்டிவிடவில்லை. கதவின் வட்டக் கண்ணாடியில் கொர்ராதோவின் முகம் வந்து ஒட்டியது. முகம் சிவந்து, நரம்பு புடைத்து, என்னென்னவோ கத்தினார். உள்ளே துளிச் சத்தம் வரவில்லை. வாய் மட்டும் திறந்து திறந்து மூடியது.

"என்ன சொல்றான்?" என்று எர்சீலியா கேட்டாள்.

நோர்மா எட்டிப் பார்த்தாள். அந்த உதடுகளை ஒரு கணம் கவனமாகப் படித்தாள்.

"ஒண்ணுமில்ல. எண்ணிக்கிட்டிருக்கான்."

விளக்கு மங்கியது. திரையில் வைக்கோல் பறந்தது, மேகம் வந்து நின்றது. இருபத்துமூன்று வயதுப் பெண் கையில் காகிதத்தைக் கசக்கிப் பிடித்துக்கொண்டு மெதுவாகத் தலையைத் தூக்கினாள். எர்சீலியா அவளோடு சேர்ந்து மூச்சை உள்ளே இழுத்தாள். தோளில் இருந்த விரல்கள் அழுந்தின.